தலையைப் பிடிக்க ஒரு கை

நான் தனியாக வாழ்கிறேன் என்று சொன்னால், கேட்பவர்கள் முதலில் என் நாற்காலியைப் பார்ப்பார்கள். அப்புறம் என் கைகளை. அப்புறம் எனக்குப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று எட்டிப் பார்ப்பார்கள். வங்கியில் நடந்திருக்கிறது, கண் ஆஸ்பத்திரியில் நடந்திருக்கிறது. "தனியாவா? எப்படிம்மா?" என்பார்கள். "வாயாலதான்" என்பேன். சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் அவர்கள் விழிப்பதைப் பார்ப்பதில் எனக்கு ஓர் அற்ப சந்தோஷம்.

ஆனால் அது விளையாட்டுப் பேச்சு இல்லை. எனக்கு இருப்பது தசைகள் ஒவ்வொன்றாகச் செயலிழந்துகொண்டே போகும் நோய். பள்ளிக்கூட நாட்களிலேயே கால்கள் போயின. பிறகு இடுப்பு, தோள், கழுத்து என்று வாடகைக்கு இருந்தவர்கள் காலி செய்துகொண்டு போவதுபோல எல்லாம் போயின. வலது கையில் இரண்டு விரல்களும் வாயும்தான் பாக்கி. விரல்களால் மோட்டார் நாற்காலியை ஓட்டுகிறேன். மற்றதையெல்லாம் சொல்லிச் சொல்லி நடத்துகிறேன். அம்பத்தூர் எஸ்டேட்டில் உள்ள ஒரு கம்பெனிக்கு இன்சூரன்ஸ் பில்களைச் சரிபார்ப்பது என் வேலை. கம்ப்யூட்டரிடமும் வாயால் சொல்லித்தான் வேலை வாங்குகிறேன். அது சில சமயம் நான் தும்முவதைக்கூட டைப் அடித்துவிடும்.

முகப்பேரில் தரைத்தள வீடு. வாசலில் சிமென்ட் சரிவு போட்டுக்கொள்ள வீட்டுக்காரர் சம்மதித்ததற்காகவே அந்த வீட்டைப் பிடித்தேன். பக்கத்து ஏரியாவான பாடியிலிருந்து ஷேர் ஆட்டோவில் ஓர் அக்கா வருவார். சாவி அவரிடம்தான் இருக்கிறது. காலையில் என்னைப் படுக்கையிலிருந்து நாற்காலிக்கு மாற்றுவதும் இரவில் நாற்காலியிலிருந்து படுக்கைக்கு மாற்றுவதும் அவர்தான். நடுவே குளியல், சமையல், கழிப்பறை எல்லாம். அவர் வருவதற்கு முன்னால், முந்தின இரவு எப்படிப் படுக்கவைத்தாரோ அப்படியே கிடப்பேன். கதவைத் திறக்கும்போதே "இன்னாமா, முழிச்சிகினுகீறியா?" என்று குரல் வரும்.

அவருக்கு நான் சொல்லவேண்டும். "வலது தோளுக்கு அடியில கை குடுங்க. இன்னும் கீழ. அய்யோ, அவ்வளவு இல்ல. இப்ப முட்டியை மடக்குங்க. காது மடங்கியிருக்கு பாருங்க, எடுத்து விடுங்க." விடிந்ததிலிருந்து அடையும்வரை இதுதான். மூக்கு அரித்தால் சொல்லவேண்டும். புடவை மடிப்பு தொடைக்கடியில் உறுத்தினால் சொல்லவேண்டும். தோசையைத் திருப்பிப் போடச் சொல்லவேண்டும், இல்லாவிட்டால் அக்கா ஒரே பக்கம் சுட்டு எடுத்துவிடுவார். தனியாக வாழ்வது என்பது எனக்கு இதுதான். என் உடம்பை என் சொல்படி பிறர் கையாளுவது. அதில் எனக்குக் கர்வம் உண்டு. மறைப்பானேன்?

நான் சொல்லாமலே தெரிந்த ஒரே ஆள் அம்மா.

அம்மாவிடம் நான் எதையுமே சொன்னதில்லை. தேவைப்பட்டதில்லை. சீப்பை எடுக்கும்போதே அவளுடைய இடது கை என் தாடைக்கு அடியில் வந்துவிடும். தூக்கும்போது வலது கை முழங்காலுக்கு அடியில் போகும், இடது முழங்கையின் மடிப்பில் என் பிடரி உட்காரும். என் கழுத்துக்குத் தலையைத் தாங்கும் தெம்பு இல்லை. நாற்காலியில் தலைக்கு முட்டு இருக்கிறது, கட்டிலில் தலையணை இருக்கிறது. நடுவில் யாராவது பிடிக்காவிட்டால் பின்னால் தொங்கிவிடும். அப்படித் தொங்கினால் குரலும் வராது. இதை யாரும் அம்மாவுக்குக் கற்றுக்கொடுக்கவில்லை.

அப்பா போன பிறகு ஐயப்பன்தாங்கலில் அண்ணன் வாங்கிய வீட்டில் எல்லோரும் இருந்தோம். இரண்டாவது மாடி, லிஃப்ட் கிடையாது. ஆஸ்பத்திரிக்குப் போனால் மட்டும் நான் தெருவைப் பார்ப்பேன். அம்மாவுக்கு முதுகுத் தட்டு நகர்ந்துவிட்டது. பெல்ட்டைக் கட்டிக்கொண்டு என்னைத் தூக்கினாள். தனி வீடு பார்க்கிறேன் என்று நான் சொன்னபோது அவள் கையிலிருந்த முறத்தை வைத்துவிட்டு வந்து என் எதிரில் உட்கார்ந்தாள்.

"என் கை கால் ஆடற வரைக்கும் நான் பாத்துக்க மாட்டேனா?"

"அதுக்கப்புறம்?" என்றேன்.

அவள் எழுந்து முறத்தை எடுத்துக்கொண்டு போனாள். ஒரு வாரம் என்னோடு பேசாமல் என் எல்லா வேலைகளையும் செய்தாள். பிறகு முகப்பேர் வீட்டுக்கு வந்து, பாத்ரூம் கதவின் அகலத்தைத் தன் முழத்தால் அளந்து பார்த்து, "போதும்" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை தவறாமல் ஐயப்பன்தாங்கல் டெப்போவிலிருந்து பஸ் பிடித்து வருவாள். தூக்கில் வத்தக்குழம்பு இருக்கும். வந்ததும் அக்காவின் வேலையில் குற்றம் கண்டுபிடிப்பாள். "நகத்துல அழுக்கு இருக்கு. யாரு குளிப்பாட்டறது இவளை?" என்று சுவரைப் பார்த்துச் சொல்வாள். "நான்தான் குளிப்பாட்டினேன். மெய்யாலுமே அழுக்கு கீதான்னு இட்டாந்து காட்டு பாக்கலாம்" என்று அக்கா சமையலறையிலிருந்து கத்துவார். மத்தியானம் இருவரும் சேர்ந்து உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டு என்னைப் பற்றிப் புறம் பேசுவார்கள், நான் அங்கேயே இருக்கும்போதே.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. என்னை அம்மாவும் அக்காவும் தவிர வேறு யாரும் தூக்கக்கூடாது. அது நான் போட்ட சட்டம். பூந்தமல்லியில் ஒரு சொந்தக்காரர் கல்யாணம். மாடியில் மண்டபம். "அட, புள்ள எவ்வளவு கனம் இருக்கப்போவுது" என்று இரண்டு மாமாக்கள் என்னைக் கேட்காமலே நாற்காலியிலிருந்து அள்ளினார்கள். படி திரும்பும் இடத்தில் என் தொடை எலும்பு முறிந்தது. தாலி கட்டும் நேரத்தில் நான் ஆம்புலன்ஸில் இருந்தேன். அதற்குப் பிறகு, சரிவு இருந்தால் வருகிறேன், இல்லாவிட்டால் வரவில்லை என்று எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். அண்ணன் மகளின் மஞ்சள் நீராட்டுக்குக்கூடப் போகவில்லை. திமிர் என்றார்கள். அண்ணன் மட்டும் என் பக்கம் நின்றான். சொந்தக்காரர்கள் எல்லோரிடமும், "பாப்பாவை யாரும் தூக்கக் கூடாது. அவ சொன்னா சொன்னதுதான்" என்று கண்டிப்பாகச் சொல்லிவைத்தான். நான் நாற்பதைத் தாண்டிய பிறகும் அவனுக்குப் பாப்பாதான்.

ஒருநாள் விடியும் நேரம் போன் அடித்தது. அழைப்பு வந்தால் தானாகவே எடுத்து ஸ்பீக்கரில் பேசும்படி வைத்திருக்கிறேன். முதலில் வெறும் மூச்சு. பிறகு அண்ணன் குரல்.

"பாப்பா. அம்மா போயிட்டாங்க பாப்பா."

பால் பாக்கெட் எடுக்கக் கதவைத் திறந்தவள் அங்கேயே சரிந்திருக்கிறாள். உள்ளே ஏசி ஓடியதால் அவனுக்குச் சத்தம் கேட்கவில்லை. பக்கத்து வீட்டுக்காரர் பார்த்துக் கதவைத் தட்டியிருக்கிறார். இதைச் சொல்லிவிட்டு, "நான் தூங்கிட்டு இருந்தேன் பாப்பா, தூங்கிட்டு இருந்தேன்" என்று சொல்லிக்கொண்டே இருந்தான். யாரோ அவனைக் கூப்பிட, போன் நின்றது.

மல்லாந்து படுத்து அழுதால் கண்ணீர் காதுக்குள் போகும். இரண்டு காதும் நிறைந்து, ஃபேன் சத்தம்கூடத் தண்ணீருக்கு அடியிலிருந்து கேட்பதுபோல இருந்தது. துடைக்க முடியாது. திரும்ப முடியாது. அம்மா செத்துப்போனாள், நான் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடக்கிறேன். அக்காவைக் கூப்பிடச் சொல்லிப் போனிடம் சொன்னேன். அழுகையில் அதற்கு என் குரல் புரியவில்லை. "மீண்டும் சொல்லுங்கள்" என்றது. மீண்டும் சொன்னேன். அதற்குப் புரியும்படி, அழாமல், தெளிவாகச் சொல்லவேண்டியிருந்தது.

"வந்துகினே கீறேன், நீ அழாத, மூச்சு அடைச்சிக்கப் போவுது" என்றார் அக்கா. தலை சீவாமல் ஓடி வந்தார். வந்ததும் முதல் வேலையாக என் காதுகளைத் துடைத்தார்.

நாற்காலியோடு ஏறக்கூடிய வண்டி ஒன்று உண்டு. முந்தின நாளே சொல்லிவைத்தால்தான் கிடைக்கும். அன்றைக்கு அது வேறு யாரையோ ஏற்றிக்கொண்டு வேலூர் போயிருந்தது. வண்டி கிடைத்தாலும் இரண்டு மாடி. அண்ணனிடம் நான் வரவேண்டும் என்று சொன்னபோது அவன் முன்பே யோசித்து வைத்திருந்தான்.

"நீ அலையாத பாப்பா. உன்னைப் படியில தூக்கறதுல்லாம் வேணாம். எனக்குத் தெரியாதா? அம்மாவை நான் உன் வீட்டுக்கே கூட்டிட்டு வரேன். எரிக்கிற எடத்துக்குப் போறதுக்கு முன்னாடி உன் வீட்டுல வெச்சிட்டு அப்புறம் போலாம்."

அது போகிற வழி இல்லை. நல்ல சுற்று. அவ்வளவு களேபரத்திலும் என்னை நினைத்து, என் சட்டத்தை நினைத்து, அவன் இப்படி ஏற்பாடு செய்தது எனக்கு ஆறுதலாக இருந்தது. ஹாலில் இருந்த மேஜையை ஓரமாகத் தள்ளச் சொன்னேன். அக்கா தரையைக் கழுவிவிட்டு, பாய் விரித்து, தலைமாட்டில் விளக்கு ஏற்றி வைத்தார். என் நாற்காலியை எந்தப் பக்கம் நிறுத்தினால் அவள் முகம் தெரியும் என்று இருவரும் பார்த்து வைத்தோம். வலது பக்கம். அங்கிருந்து குனியாமலே தெரியும். கையை எடுத்துக் கன்னத்தில் வைக்கும்படி அக்காவிடம் சொல்லிக்கொள்ளலாம். அரிசியும் எடுத்து வைத்தாயிற்று, வாய்க்கரிசி போட.

மத்தியானத்துக்கு மேல் பறைச் சத்தம் கேட்டது. சரிவில் இறங்கித் தெருவுக்கு வந்தேன். அம்மாவை ஏற்றிவந்த வண்டி கேட்டுக்கு வெளியே நின்றது. பின்னால் வந்த வேனில் சொந்தக்காரர்கள். அண்ணன் இறங்கி வந்து என் நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு அழுதான். "கொண்டு வாண்ணா உள்ள" என்றேன். அவன் பெரியப்பாவைப் பார்த்தான்.

பெரியப்பா அருகில் வந்தார். நல்ல மனிதர். என் படிப்புக்கு அலைந்தவர். "எடுத்தாச்சும்மா. எடுத்த பொறவு நடுவுல எறக்கக் கூடாது. இன்னொரு வீட்டு வாசப்படி ஏத்தக் கூடாது. குடும்பத்துக்கு ஆகாது. இங்கேயே வண்டியிலயே பாத்துக்க" என்றார்.

இன்னொரு வீடு. அவள் ஞாயிற்றுக்கிழமைதோறும் செருப்பைக் கழற்றிவிட்டு ஏறிய வாசல்படி, இன்னொரு வீட்டு வாசல்படி. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அண்ணனுக்கும் இது அங்கே கிளம்பியபிறகுதான் தெரிந்திருக்கிறது. "வேன்லயே சண்டை போட்டேன் பாப்பா" என்றான். அவன் முகத்தைப் பார்த்து நான் சண்டையை விட்டேன்.

வண்டியின் பின்கதவைத் திறந்தார்கள். நான் நாற்காலியைக் கொண்டுபோய் ஒட்டி நிறுத்தினேன். வண்டிக்குள் அம்மாவைக் கிடத்தியிருந்த மேடை என் கண் மட்டத்தில் இருந்தது. எனக்குத் தெரிந்தது அம்மாவின் பாதங்கள். மஞ்சள் பூசி, இரண்டு கட்டைவிரல்களையும் சேர்த்து வெள்ளைத் துணியால் கட்டியிருந்தார்கள். அதற்கு மேல் ஒரே மாலையாகக் குவிந்திருந்தது. நாற்காலியைப் பின்னால் எடுத்தேன், பக்கவாட்டில் திருப்பினேன். பக்கத்துக் கண்ணாடியில் வானமும் எதிர்வீட்டு பால்கனியும்தான் தெரிந்தன. யாருக்கும் இது உறைக்கவில்லை. நின்றுகொண்டிருந்தவர்களுக்கு அம்மாவின் முகம் நன்றாகத் தெரிந்தது. என்னைச் சுற்றி எல்லோரும் அவளைப் பார்த்து அழுதார்கள்.

என்னைத் தூக்கலாம் என்று யாருக்கும் தோன்றவில்லை. தோன்றியிருந்தாலும் சொல்லமாட்டார்கள். அண்ணன்தான் எல்லோரையும் பழக்கி வைத்திருக்கிறானே.

"அண்ணா, என்னைத் தூக்கு" என்றேன்.

"நிஜமாவா சொல்ற?"

"தூக்குண்ணா. நான் அம்மாவைப் பாக்கணும்."

அண்ணனும் பெரியப்பா மகனும் வண்டி டிரைவரும் சேர்ந்தார்கள். பின்னால் ஸ்கூல் வேன் ஹாரன் அடித்தது. பறை அடிப்பவர்கள் நிறுத்தவில்லை. "நாற்காலியைப் பின்னால இழும்மா" என்று யாரோ அக்காவை விரட்ட, அவர் அந்தக் கனமான மோட்டார் நாற்காலியை இழுப்பதற்குள் மூவரும் என்னைத் தூக்கிவிட்டார்கள். காலை ஒருவர், இடுப்பை ஒருவர், தோளை அண்ணன். மெதுவாக, ரொம்ப ஜாக்கிரதையாகத் தூக்கினார்கள். தொடை எலும்பை நினைத்து நடுங்கிக்கொண்டே தூக்கினார்கள். தலையை யாரும் பிடிக்கவில்லை.

தலை பின்னால் விழுந்தது. எனக்கு வானம் தெரிந்தது. கேபிள் ஒயர்கள் தெரிந்தன. எதிர்வீட்டு பால்கனியில் ஈரத்துண்டைப் பிடித்துக்கொண்டு ஒரு பெண் தலைகீழாக நின்றாள். "நல்லா பாரு பாப்பா, அம்மாவை நல்லா பாரு" என்று அண்ணன் அழுதான். நான் "தலை" என்று சொல்லப் பார்த்தேன். தொண்டை இழுத்துக் கிடந்ததால் காற்றுதான் வந்தது. எங்கோ பின்னாலிருந்து அக்கா, "கய்த்து, கய்த்து, தலையப் புடி நைனா!" என்று கத்துவது பறைச் சத்தத்தில் லேசாகக் கேட்டது. அண்ணனுக்கு அதுவும் அழுகைக் குரல்களில் ஒன்றாகப் பட்டிருக்கும். ரோஜா வாசனையும் ஊதுபத்தி வாசனையும் அடித்தன. அதுவரை ஐஸ் பெட்டியில் இருந்த அவள் உடம்பின் சில்லிப்பு என் கன்னத்தில் வந்து பட்டது. காதோரம் எதுவோ ஈரமாக உரசியது. மாலையா, அவள் பாதமா, எனக்குத் தெரியவில்லை. அவ்வளவு பக்கத்தில் இருந்தேன்.

இறக்கி நாற்காலியில் வைத்தார்கள். அக்கா உள்ளேயிருந்து அரிசியைக் கொண்டுவந்து என் உள்ளங்கையில் வைத்தார், அண்ணி அதை எடுத்து எனக்காக அம்மாவின் வாயில் போட்டாள். அண்ணன் என் முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்தான். வியர்த்துக் கொட்டியது அவனுக்கு.

"பாத்துட்டியா பாப்பா?"

நாளெல்லாம் சொல்லிக்கொண்டே இருப்பவள் நான். இன்னும் கீழே, இன்னும் கொஞ்சம் இடதுபக்கம், மறுபடி தூக்குங்கள் என்று எத்தனை முறை வேண்டுமானாலும் சலிக்காமல் சொல்பவள். அன்றைக்கு எனக்குச் சொல்ல முடியவில்லை. அம்மாவைப் பார்ப்பதற்கும் வழி சொல்லிக்கொடுக்கவேண்டுமா என்று இருந்தது. நான் சொல்லாமலே அந்தத் தலையைப் பிடித்திருக்கக்கூடிய ஒருத்தி வண்டிக்குள் படுத்திருந்தாள். எதிரில் அண்ணன், தாய் விழுந்தபோது தூங்கிக்கொண்டிருந்தவன், ஒரு காரியத்தையாவது சரியாகச் செய்தோமா என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"பாத்துட்டேன்" என்றேன்.

கதவைச் சாத்தினார்கள்.

சாயந்திரம் அக்கா என்னைத் தலைக்குக் குளிப்பாட்டினார். ஹாலில் பாய் விரித்தபடியே கிடந்தது. விளக்கை மட்டும் குளிர்வித்திருந்தார். தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தவர் சொம்பைக் கீழே வைத்தார்.

"நீ பாக்கலதானே?"

நான் கீழே இருந்த சொம்பைப் பார்த்தேன்.

"எனக்குத் தெரியும். ஏன்மா கம்முனு இருந்த? ஒரு வார்த்தை சொல்லியிருந்தின்னா வண்டிக்கு முன்னால போய்ப் படுத்திருப்பேனே" என்று என் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு அழுதார். நானும் அழுதேன். சோப்பு கண்ணில் இறங்கி எரிந்தது. துடைக்கச் சொல்லி நானும் கேட்கவில்லை, அவரும் துடைக்கவில்லை.

காரியமெல்லாம் முடிந்த பிறகு ஒருநாள் அண்ணன் போன் செய்தான். என்னை அங்கே வந்து இருக்கச் சொன்னான். முடியாது என்றேன். அவனும் வற்புறுத்தவில்லை. "அன்னிக்கு உன்னைத் தூக்கிக் காமிச்சேன் பாரு, அது ஒண்ணுதான் பாப்பா எனக்கு நிம்மதி. அதை நெனச்சிக்கிட்டுத்தான் தூங்கறேன்" என்றான்.

பிறகு, மறந்திருந்தது நினைவுக்கு வந்தவன்போல, "பெரியப்பா பையன் ஐஸ் பெட்டியில அம்மா இருக்கும்போது போன்ல ஒரு போட்டோ எடுத்திருக்கான். முகம் தெளிவா விழுந்திருக்கு. ஆனா செத்தவங்க போட்டோவெல்லாம் வெச்சிக்கக் கூடாதுன்னு உங்க அண்ணி பயப்படறா. அழிச்சிடச் சொல்லட்டுமா?" என்றான்.

அக்கா அடுப்பைத் தணித்துவிட்டு வந்து சமையலறை வாசலில் நின்றார். என்னையே பார்த்தார். அழிக்க வேண்டாம், வேண்டாம் என்று தலையை ஆட்டினார்.

"அழிச்சிடச் சொல்லுண்ணா" என்றேன். "நாமதான் நேர்லயே பாத்துட்டமே."